ஆளில்லாத பஸ்ஸில் ஒரு கொண்டக்டர்
கே. எஸ். பாலச்சந்திரனின் நடிப்பு பற்றிச் சில குறிப்புகள்

2014 பெப்ரவரி 26ஆம் திகதி கே. எஸ். பாலச்சந்திரன் ரொறன்ரோவில் காலமானார். அந்தச் செய்தி வீட்டுக்கு வீடு தொலைபேசியில் போனபோது எம்மவரிற் பலர் அதை ஒரே மாதிரித்தான் சொன்னார்கள்: 'அண்ணை றைற் பாலச்சந்திரன் போட்டாராம்.' அவருடைய முதலெழுத்துக்கள் எமக்கு நினைவில்லை. கரவெட்டிக்காரர் என்பது சிலருக்குத் தெரியும். அவர் எழுதிய நாவலின் பெயரைக் கேட்டிருந்தால் பத்துப் பேரில் ஒருவர் சொல்லியிருக்கலாம். ஆனால் அந்தக் கொண்டக்டரை எல்லோருக்கும் தெரியும்.

ஒரு நடிகனுக்கு இதைவிடப் பெரிய பாராட்டு என்ன வேண்டும் என்று கேட்கலாம். அப்படித்தான் நாமும் நெடுங்காலம் நினைத்திருந்தோம். இப்போது, பத்தாண்டுகளுக்கு மேல் கழிந்த பின்னர், அந்தப் பாராட்டுக்குள் எமது சோம்பலும் இருந்ததோ என்ற சந்தேகம் எழுகிறது. நாம் அவரை நேசித்தோம், அவரைக் கண்டு சிரித்தோம். அவர் என்ன செய்கிறார் என்று பார்த்தோமா? இக்கட்டுரை அந்தக் கேள்வியிலிருந்து தொடங்குகிறது.

முதலில் ஒரு பின்னணி. தமிழ்நாட்டுச் சினிமாவில் 'குணசித்திர நடிகர்' என்றொரு வகை உண்டு. கதாநாயகனின் தந்தையாக, வில்லனின் கணக்கப்பிள்ளையாக, ஊர்ப் பெரியவராக வந்து, இரண்டு காட்சிகளில் படத்தைத் தாங்கிப் பிடித்துவிட்டுப் போகிறவர்கள். அவர்களுக்குப் பின்னால் ஒரு தொழில் இருந்தது: கோடம்பாக்கம் இருந்தது, சம்பளம் இருந்தது, அடுத்த மாதம் அடுத்த படம் இருந்தது. ஈழத்தில் அப்படி எதுவும் இருக்கவில்லை. 1962இல் வந்த 'சமுதாயம்' தொடக்கம் 1983 வரை எமது படங்களை எண்ணினால் முப்பதைத் தொடுவதே கடினம். ஆகவே ஈழத்து நடிகன் பகலில் எங்கோ ஒரு கந்தோரில் கோப்புப் பார்ப்பவன், அல்லது பள்ளிக்கூடத்தில் பாடஞ் சொல்பவன். மாலையில் வானொலி நிலையத்துக்கும், இரவில் ஒத்திகைக்கும் ஓடுபவன். நடிப்பு அவனுக்குச் சோறு போடவில்லை. அதனாற்றான் போலும், அவன் நடித்த மனிதர்கள் சினிமாவிலிருந்து வந்தவர்களாக இருக்கவில்லை. தெருவிலிருந்தும், கந்தோரிலிருந்தும், பஸ்ஸிலிருந்தும் நேரே வந்தார்கள்.

1944இல் வடமராட்சியில் பிறந்த பாலச்சந்திரனுக்கு முன்னால் ஒரு மரபும் இருந்தது. பேராசிரியர் க. கணபதிப்பிள்ளை யாழ்ப்பாணத்துப் பேச்சுவழக்கில் நாடகங்களை எழுதி 1940இலேயே 'நானாடகம்' என்ற நூலாக வெளியிட்டுவிட்டார். இலங்கை வானொலியில் 'சானா' என்ற சண்முகநாதன் அந்தப் பேச்சை ஒலிவாங்கிக்கு முன்னாற் கொண்டுவந்து நிறுத்தினார். அவருடைய 'லண்டன் கந்தையா' எங்கள் தகப்பன்மாரின் தலைமுறையைக் கட்டிப்போட்ட நாடகம். இதெல்லாம் இன்று சாதாரணமாகத் தோன்றலாம். ஆனால் ஈழத்துப் படங்களிலேயே பாத்திரங்கள் சென்னைப் படங்களின் தமிழைப் பேசிய காலம் ஒன்று இருந்தது என்பதை நினைத்துப் பார்த்தால், சொந்த நாக்கால் நடிப்பது எவ்வளவு துணிச்சலான காரியம் என்பது விளங்கும்.

அந்தத் துணிச்சலிலும் ஒரு வில்லங்கம் இருந்தது. பேச்சுவழக்கு என்றாலே பகிடி என்றாகிவிட்டது. 1970களில் வானொலியில் ஓடிப் பின் 1976இல் 'கோமாளிகள்' என்ற படமாகவும் வந்த அந்தப் புகழ்பெற்ற நிகழ்ச்சியை எடுத்துக்கொள்வோம். மரிக்கார் ராமதாஸ் ஒரு பேச்சு, அப்புக்குட்டி ராஜகோபால் இன்னொரு பேச்சு, உபாலி செல்வசேகரன் வேறொரு பேச்சு, அப்துல் ஹமீதின் ஐயர் மற்றொரு பேச்சு என்று நான்கு வழக்குகளை மோதவிட்டு அது சிரிப்பூட்டியது. இலங்கைத் தமிழ் ஒன்றல்ல, பல என்று நாடு முழுவதற்கும் கேட்கச் செய்தது அந்நிகழ்ச்சி. அதன் சிறப்பை நாம் மறுக்கவில்லை. ஆனால் அங்கே பேச்சுவழக்கு ஒரு சட்டை மாதிரி: போட்டவுடன் ஆள் இன்னார் என்று தெரிந்துவிடும். அதற்குமேல் அந்த ஆளுக்குள் போகவேண்டிய தேவை இல்லை.

பாலச்சந்திரன் இந்த இடத்திற்றான் வேறுபடுகிறார் என்பது எமது கருத்து. சில்லையூர் செல்வராசன் எழுதிய 'தணியாத தாகம்' வானொலித் தொடரில் அவர் நடித்தார். அது பகிடி நாடகமல்ல. ஒரு நடுத்தரக் குடும்பத்தின் ஆசைகளும் கடன்களும் கண்ணீரும் கொண்ட கதை. அதே யாழ்ப்பாணத்துப் பேச்சு அங்கே அழுவதற்கும் பயன்பட்டது. அந்த நாடகம் ஒலிபரப்பாகும் நேரத்தில் அடுப்படியில் வேலை நின்றதை எம்மிற் சிலர் கண்ணாற் கண்டிருக்கிறோம். பின்னர் அவரே எழுதி நடித்த 'வாத்தியார் வீட்டில்' நகைச்சுவைத் தொடர்தான். ஆனாலும் அந்த வாத்தியார் வெறும் கோமாளி அல்லர். தன் வீட்டில் தன் சொல் எடுபடாமற் போகும் காலம் வந்துவிட்டது என்று தெரிந்தும், அதை ஒப்புக்கொள்ளாத ஒரு மனிதராகவே அவர் எமது காதில் நின்றார். ஒலிவாங்கிக்கு முன்னால் முகமில்லை, கையில்லை, நடையில்லை. குரலும் குரல் நிற்கும் இடமும்தான். எங்கே நிற்பது என்று தெரிந்த நடிகராக அவரை ஆக்கியது வானொலிதான்.

இனி 'அண்ணை றைற்'.

1970களிலிருந்து எத்தனை மேடைகளில் அதை அவர் செய்தார் என்பதற்குக் கணக்கில்லை. பின்னர் அது கசற்றாகவும் வந்தது. கதை என்று பெரிதாக ஒன்றுமில்லை. இலங்கைப் போக்குவரத்துச் சபையின் பஸ் ஒன்று யாழ்ப்பாணத்துத் தெருவில் ஓடுகிறது. அதில் ஒரு கொண்டக்டர். மேடையிலிருப்பவர் அவர் ஒருவர்தான். பயணிகள் இல்லை. றைவர் இல்லை. பஸ்ஸும் இல்லை.

இதைத் தனிநடிப்பு என்கிறோம். எமது பாடசாலை மேடைகளில் நாம் பார்த்த தனிநடிப்புகள் பெரும்பாலும் ஒருவரே பல குரலில் மாறி மாறிப் பேசுபவை: கிழவியாகக் குனிந்து ஒரு வசனம், சண்டியனாக நிமிர்ந்து ஒரு வசனம். பாலச்சந்திரன் செய்தது அதற்கு எதிர்மாறானது. அவர் கொண்டக்டராகவே நின்றார். மற்றவர்களைத் தன் பேச்சுக்குள் விட்ட இடைவெளிகளில் ஏற்றினார். அவர் ஒரு திசைக்கு முகத்தைத் திருப்பிக் குரலைச் சற்று உயர்த்தினால் அங்கே காது மந்தமான ஒரு ஆச்சி நிற்கிறா. குரல் குழைந்தால் ஏறியது யார் என்று கூட்டம் ஊகித்துக்கொள்கிறது. குரல் தடித்தால் மிதிபலகையிலே தொங்குகிற பொடியன்கள். அவர்கள் சொன்ன பதிலை நாம் கேட்பதில்லை. அந்தப் பதிலைக் கேட்டு அவர் முகம் போகிற போக்கைத்தான் பார்க்கிறோம். அங்கே பேச்சைவிடப் பெரிய வேலை கேட்பதுதான். இல்லாத ஒருவர் சொல்வதைக் காதுகொடுத்துக் கேட்கத் தெரிந்த நடிகன்தான் அந்த ஒருவரை இருக்கச் செய்ய முடியும். வாய்ச்சாதுரியத்துக்காகவே நாம் அவரைப் புகழ்ந்தோம். அவருடைய காதைப் பற்றி யாரும் எழுதவில்லை.

அந்தக் கொண்டக்டர் சமூகத்தில் யார் என்பதையும் நாம் யோசித்ததில்லை. 1958இல் பஸ் கம்பனிகள் அரசுடைமையாக்கப்பட்டபோது காக்கிச் சட்டையும் ரிக்கற் புத்தகமும் தோற்பையுமாக ஒரு புதிய அதிகாரம் எமது ஊர்களுக்குள் வந்தது. சின்ன அதிகாரம்தான். ஆனால் யாழ்ப்பாணத்தில் அது சின்ன விசயமல்ல. யார் எங்கே இருப்பது, யாருக்கு முன்னால் யார் எழும்புவது, யார் கோயில் வாசலோடு நிற்பது என்று எல்லாவற்றுக்கும் எழுதாத சட்டம் வைத்திருந்த சமூகம் அது. 1957இல் சமூகக் குறைபாடுகள் ஒழிப்புச் சட்டம் வந்த பின்னரும், 1968இல் மாவிட்டபுரத்தில் ஆலயப் பிரவேசத்துக்காகப் போராடவேண்டியிருந்த ஊர். அங்கே ஓடிய பஸ்ஸில், உடையாரின் பேரனும் கூலிக்காரரும் ஒரே காசு கொடுத்து, ஒரே கம்பியைப் பிடித்து, ஒரே ஆளிடம் 'உள்ளுக்குப் போங்கோ' என்று ஏச்சு வாங்கினார்கள். கொண்டக்டருக்கு எல்லோரும் ரிக்கற்தான். கூட்டம் அன்று சிரித்தது கொண்டக்டரின் பகிடிக்கு மட்டும்தானா, அல்லது தம்மையெல்லாம் ஒரே பஸ்ஸில் நெரித்து ஏற்றிய அந்தச் சமன்பாட்டின் கூச்சத்துக்குமா என்று இப்போது கேட்கத் தோன்றுகிறது. பாலச்சந்திரன் இதை அரசியலாகச் சொன்னார் என்று நாம் கூறவரவில்லை. அவர் சொல்லவில்லை. ஆனால் நல்ல நடிகன் ஒருவன் ஒரு மனிதனை உள்ளபடி எடுத்து வைத்தால், அந்த மனிதன் நின்ற நிலமும் கூடவே வந்துவிடுகிறது.

குறையையும் சொல்லவேண்டும். அந்தக் காலத்து எமது நகைச்சுவையில் பெண்கள் பெரும்பாலும் சிரிக்கப்படுகிறவர்கள்: கிழவியானால் அறியாமைக்காக, குமரியானால் அழகுக்காக. கொண்டக்டரின் பஸ்ஸும் அந்தப் பாதையிலேதான் ஓடியது. அவன் குரல் குழைந்த இடங்களில் நாமும் குழைந்து சிரித்தோம். அதே பஸ்ஸில் தினமும் போய்வந்த எமது சகோதரிகளிடம் கேட்டிருந்தால் அந்தப் பயணம் அவ்வளவு சிரிப்பானதாக இருந்திராது.

திரைப்படத்தில் அவருடைய தடம் சிறியது. ஆனால் கவனிக்கத்தக்கது. 1978இல் வெளிவந்த 'வாடைக்காற்று' செங்கை ஆழியானின் நாவலிலிருந்து பிறேம்நாத் மொறாயிஸ் இயக்கியது. வாடைக் காலத்தில் நெடுந்தீவுக்கு வாடி போட வரும் மீனவர்களின் கதை. பாலச்சந்திரன் அதில் நடித்ததோடு உதவி இயக்குநராகவும் வேலை செய்தார். பின்னர் 'அவன் ஒரு ஜீவநதி' (1980), 'நாடு போற்ற வாழ்க' (1981), 'ஷார்மிலாவின் இதயராகம்' (1993). இத்தனை ஆண்டுகளில் இவ்வளவுதானா என்று கேட்பவர்கள் அந்த ஆண்டுகளின் நடுவிலே என்ன இருக்கிறது என்று பார்க்கவேண்டும். 1983 யூலையில் ஹெந்தலையிலிருந்த விஜயா ஸ்ரூடியோ எரிக்கப்பட்டது. கே. குணரத்தினம் என்ற தமிழருக்குச் சொந்தமான அந்த ஸ்ரூடியோவில் சிங்களப் படங்களின் மூலப்பிரதிகளும் சேர்ந்தே எரிந்தன. இருந்த கொஞ்ச வசதியும் போனபின் ஈழத்துத் தமிழ்ப் படம் என்பது ஏறக்குறைய நின்றுபோனது. ஒரு குணசித்திர நடிகன் கனிந்து வருகிற வயது நாற்பது. பாலச்சந்திரனுக்கு அப்போது முப்பத்தொன்பது.

பிறகு புலப்பெயர்வு. ரொறன்ரோ.

ஸ்காபரோவில் பாடசாலை மண்டபம் ஒன்றிலோ, கலியாண மண்டபம் ஒன்றிலோ கலைவிழா நடக்கும். வெளியே பனி கொட்டும். உள்ளே பெரிய கோட்டுக்களைக் கதிரைமேற் போட்டுவிட்டு, சொன்ன நேரத்துக்கு ஒரு மணித்தியாலம் பிந்தி நாம் இருப்போம். பரதநாட்டியம் முடியும், பேச்சுக்கள் முடியும், பிள்ளைகள் நடைபாதையில் ஓடித் திரிவார்கள். பாலச்சந்திரன் மேடைக்கு வருகிறார் என்றதும் பின்வரிசையிலிருந்து யாராவது 'அண்ணை றைற்!' என்று கத்துவார்கள். அவர் வாய் திறக்குமுன்பே நாம் சிரிக்கத் தொடங்கிவிடுவோம்.

அந்தச் சிரிப்பை இப்போது திரும்பிக் கேட்டால் அது ஊரிற் கேட்ட சிரிப்பு இல்லை. ஊரில் சனம் சிரித்தபோது, அந்தப் பஸ்ஸில் அன்று காலையிற்றான் வந்திறங்கியிருந்தது. நாளைக்கும் அதிற்றான் போகப்போகிறது. கண்ட ஒன்றை மேடையில் மறுபடி காண்கிற சிரிப்பு அது. இங்கே நாம் சிரித்தது காணமுடியாத ஒன்றைக் கண்டதற்காக. நெல்லியடிச் சந்தியும், பருத்தித்துறைக்கு ஓடிய 750உம், வெக்கையும், வெங்காய மூட்டையும், பக்கத்தில் நிற்பவரின் வியர்வையும் அந்த மண்டபத்துக்குள் வந்துபோயின. ஊரில் அவருடைய நடிப்பு ஆட்களை மட்டும் ஏற்றியது. இங்கே அவர் தெருவையும் ஊரையும் சேர்த்து ஏற்றவேண்டியிருந்தது. அதையும் ஏற்றினார். வசனம் மாறவில்லை. ஆனால் சுமை கூடியது. இதைத் தாங்கியதுதான் அவருடைய நடிப்பின் உயரம் என்று நாம் நினைக்கிறோம்.

ஆனால் எமது மடியிலிருந்த பிள்ளைகள்? நாம் சிரித்தபோது அவர்கள் எமது முகத்தை நிமிர்ந்து பார்த்தார்கள். அவர்கள் அறிந்த பஸ் பிஞ்ச் வீதியில் ஓடுவது. அதில் கொண்டக்டர் இல்லை. அட்டையைத் தொட்டுவிட்டு ஏறவேண்டும். கயிற்றை இழுத்தால் மணி அடிக்கும். அடுத்த தரிப்பு எது என்று ஒரு இயந்திரக் குரல் சொல்லும். எவரும் எவரோடும் கதைப்பதில்லை. ஏறுகிறவரைப் பார்த்து 'எங்கை போறியள், ஆற்றை பிள்ளை?' என்று கேட்க அங்கே ஆளில்லை. எல்லோரையும் விசாரிக்கிற, ஏசுகிற, உள்ளே தள்ளுகிற ஒரு மனிதன் ஏன் சிரிப்புக்குரியவன் என்று அந்தப் பிள்ளைகளுக்கு விளக்க எமக்கும் தெரியவில்லை.

நாடிழந்த நடிகர்கள் எமக்கு மட்டும் உரியவர்கள் அல்லர். 1931இல் பிரிட்ஸ் லாங் பேர்லினில் எடுத்த 'எம்' படத்தில் குழந்தைகளைக் கொல்பவனாக நடித்த பீற்றர் லோரே ஒரு யூதர். 1933இல் ஜேர்மனியை விட்டு ஓடினார். 1934இல் ஹிச்கொக்கின் ஆங்கிலப் படத்தில் நடித்தபோது அவருக்கு ஆங்கிலம் சரியாகத் தெரியாது. வசனங்களை ஒலியாகவே பாடமாக்கிப் பேசினார். பிறகு ஹொலிவூட் அவரைப் பயன்படுத்திக்கொண்டது, கோணலான ஆள், ஒளித்துத் திரிகிற ஆள், பயங்காட்டுகிற ஆள் என்று. அவருடைய உச்சரிப்புத்தான் அவருடைய பாத்திரம். இன்னொருவர் கொன்ராட் வைட். நாசிகளுக்காக நாட்டை விட்டவர், 1942இல் 'கசப்ளாங்கா'வில் நாசி அதிகாரியாகவே நடிக்கவேண்டியிருந்தது. யுத்தம் முடிந்தபின் லோரே மேற்கு ஜேர்மனிக்குத் திரும்பிப்போய், 1951இல் ஒரு படத்தைத் தானே இயக்கி நடித்தார். யுத்தகால ஜேர்மனியின் குற்றவுணர்வைப் பற்றிய அந்தப் படத்தை அங்குள்ள சனம் பார்க்க விரும்பவில்லை. அவர் திரும்பவும் அமெரிக்காவுக்கே வந்து பழைய வேடங்களுக்குள் போனார்.

லோரேக்கு நடந்ததும் பாலச்சந்திரனுக்கு நடந்ததும் ஒன்றல்ல. லோரே மொழியை இழந்தார், தொழில் கிடைத்தது. பாலச்சந்திரன் மொழியை இழக்கவில்லை. கடைசிவரை கரவெட்டித் தமிழிலேயே, அதைப் புரிந்த சனத்துக்கு முன்னாலேயே நடித்தார். அவருக்குக் கிடைக்காதது தொழில். ஆனால் ஒன்றில் இருவரும் சந்திக்கிறார்கள்: ஒரு வேடம் மற்ற எல்லா வேடங்களையும் விழுங்கியது. லோரேயை விழுங்கியது அந்நியர்களின் சந்தை. பாலச்சந்திரனை விழுங்கியது, சொல்லக் கூச்சமாக இருந்தாலும், சொந்தச் சனத்தின் அன்பு.

ஏனெனில் அவர் இங்கே வந்து சும்மா இருக்கவில்லை. கனடாத் தமிழ்த் தொலைக்காட்சியில் 'வை. ரி. லிங்கம் ஷோ' என்ற நகைச்சுவை நிகழ்ச்சியைச் செய்தார். அந்தப் பெயரை ஒருமுறை வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள். எங்கள் ஊர் வைத்திலிங்கம் விமானத்தால் இறங்கி, ஆங்கில எழுத்துக்கள் இரண்டை முன்னால் மாட்டிக்கொண்டு நிற்பார். ஒரு பெயரிலேயே புலம்பெயர்ந்த மனிதனின் முழுக் கதையையும் வைக்கத் தெரிந்தவர் அவர். கொண்டக்டரை ஊர் அவருக்குக் கொடுத்தது. லிங்கத்தை இந்த நகரத்திலிருந்து அவரே எடுத்தார். 'அண்ணை றைற்' யாழ்ப்பாணத்தின் குணசித்திரம் என்றால் இது ரொறன்ரோவின் குணசித்திரம். நாம் அதைப் பார்த்தோம், சிரித்தோம், பிறகு அடுத்த கலைவிழாவில் பழைய கொண்டக்டரையே கேட்டோம். எங்களைப் பற்றிய பகிடியைவிட எங்கள் ஊரைப் பற்றிய பகிடி எமக்குச் சுகமாக இருந்தது.

2009இல் அவருடைய 'கரையைத் தேடும் கட்டுமரங்கள்' நாவல் வெளிவந்தது. வடபுலத்துக் கடற்கரைக் கிராமமொன்றின் மீனவ வாழ்வு. முப்பத்தொரு ஆண்டுகளுக்கு முன்னர் 'வாடைக்காற்று' படப்பிடிப்பில் நின்ற மனிதர் அந்தக் கடலை மறக்கவில்லை என்பதும், பகிடிக்காரர் என்று நாம் பெயர் வைத்தவருக்குள் வேறொரு தொனி இருந்தது என்பதும் அதில் தெரியும். அது வெளிவந்த ஆண்டு எது என்று எவரும் எமக்கு நினைவூட்டத் தேவையில்லை. முள்ளிவாய்க்கால் ஆண்டு. அந்த ஆண்டில் நாம் நாவல் படிக்கும் நிலையில் இருக்கவில்லை என்பது உண்மை. அதற்குப் பிறகும் பலர் படிக்கவில்லை என்பதும் உண்மை.

அதே 2009இல் லெனின் எம். சிவம் இயக்கிய '1999' வந்தது. இந்த நகரத்தில் எமது இளைஞர்கள் கோஷ்டிகளாகி ஒருவரையொருவர் வெட்டிக்கொண்ட காலத்தைப் பேசிய படம். பாலச்சந்திரன் அதிலும் நடித்தார். புலம்பெயர்ந்த சினிமாவில் மூத்த நடிகர்களுக்கு என்ன இடம் இருக்கிறது என்பதை அவர் இங்கே நடித்த படங்களை வைத்து யோசிக்கலாம். பெரும்பாலும் தகப்பன், மாமன், பெரியவர். கதை இளையவர்களுடையது. பெரியவர்கள் அதன் ஓரத்தில் இருந்து கவலைப்படுவார்கள். அது ஒருவகையில் உண்மையுங்கூட. இந்த நாட்டில் எமது பெரியவர்கள் கதையின் ஓரத்திற்றான் இருக்கிறார்கள். ஆனால் இல்லாத ஒரு பஸ்ஸையே ஓட்டிக்காட்டிய ஒரு நடிகருக்கு, பதினேழாம் மாடி அறையொன்றில் பேரப்பிள்ளையின் ஆங்கிலத்தைக் கேட்டுக்கொண்டு தனியே இருக்கும் ஒரு தகப்பனை மையமாக வைத்து ஒரு முழுப்படம் எழுத எம்மில் ஒருவருக்கும் தோன்றவில்லையே என்ற மனக்குறை எமக்கு உண்டு. கேட்பதற்குத் தெரிந்த நடிகருக்கு அதைவிடப் பொருத்தமான வேடம் எது? அவர் மறைந்த அடுத்த ஆண்டு, 2015இல், ஷோபாசக்தி நடித்த 'தீபன்' கான் விழாவில் தங்கப்பனை விருது பெற்றது. எமது முகமும் எமது பேச்சும் உலகத் திரையின் நடுவில் நிற்கமுடியும் என்று ஒரு பிரெஞ்சு இயக்குநர் கண்டுபிடித்தார். நாம் கண்டுபிடித்திருக்க வேண்டியது.

இதற்கு ஒரு மறுப்பு உண்டு, நியாயமான மறுப்பு. எல்லாவற்றையும் இழந்து வந்த சனம், இரண்டு வேலை செய்துவிட்டு, சனிக்கிழமை இரவில் இரண்டு மணித்தியாலம் வயிறு குலுங்கச் சிரித்தால் அதிலே என்ன குற்றம்? கண்ணீருக்கு எமக்குப் பஞ்சமிருக்கவில்லையே. தகனச்சாலையிலும் தொலைபேசியிலும் அழுதோம். சிரிப்பதற்குத்தான் ஆள் தேவைப்பட்டது. சென் ஜேம்ஸ் ரவுணின் ஒரு அறையில் நாலைந்து பேராக அடைந்து கிடந்த நாட்களில், அகதி வழக்கின் தீர்ப்பு வராத இரவுகளில், அந்தக் கசற்றைத் திருப்பித் திருப்பிப் போட்டு எம்மிற் சிலர் உயிர் பிழைத்தோம் என்றாற்கூட அது மிகையாகாது. அந்தக் கடனை நாம் மறக்கவில்லை. அதனாற்றான் இதை எழுதுகிறோம். உயிர் பிழைக்கச் செய்த ஒருவரைப் 'பகிடிக்காரன்' என்ற ஒரு சொல்லோடு வழியனுப்புவது நன்றியல்ல.

எமது விமர்சனமும் இதிற் குற்றவாளிதான். கவிதைக்கும் சிறுகதைக்கும் நாம் பக்கம் பக்கமாக எழுதினோம். ரொறன்ரோவில் மனவெளியின் அரங்காடல் நடந்தால் அதன் அரங்கமொழி பற்றி விவாதித்தோம். அது வேண்டியதே. ஆனால் கலைவிழா மேடையில் சனம் சிரிக்கச் செய்த ஒருவரின் குரல் எங்கே ஏறி எங்கே நின்றது என்று குறித்துவைக்க எமக்குத் தோன்றவில்லை. சனம் சிரித்தால் அது கலையல்ல என்ற ஒரு மமதை எம்மிடம் இருந்தது. நடிகனின் கலை காற்றில் எழுதப்படுவது. பார்த்தவன் எழுதாவிட்டால் அது பார்த்தவனோடு போய்விடும்.

எழுத்தைக் காப்பாற்ற எமக்கு இப்போது வழியிருக்கிறது. 2005 முதல் நூலகம் திட்டத்தினர் எமது நூல்களையும் சஞ்சிகைகளையும் தேடித் தேடி எண்ணிம வடிவில் ஏற்றிவருகிறார்கள். ஆனால் வானொலியில் வாரந்தோறும் ஒலித்தவை, மேடைகளில் யாரோ ஒருவரின் வீடியோக் கமராவுக்குள் போனவை, இங்கத்தைய தொலைக்காட்சிகளில் ஒருமுறை ஒளிபரப்பாகி முடிந்தவை எல்லாம் எங்கே? காந்தநாடா நிரந்தரமல்ல. நிலவறையின் ஈரத்தில் அது பூஞ்சணம் பிடிக்கும், ஒட்டும், ஒலி மங்கும். அதைப் போட்டுக்கேட்கும் கருவிகளும் வீடுகளில் இல்லாமற் போகின்றன.

எமது நண்பர் ஒருவர் கடந்த கோடையில் மார்க்கத்துக்கு வீடு மாறினார். உதவிக்குப் போனோம். நிலவறையில் ஒரு பெட்டி நிறையக் கசற்றுக்கள்: கலியாண நாதஸ்வரம், சீர்காழி, யாரோ பேசி அனுப்பிய கடிதக் கசற், பெயர் அழிந்த சில. அவருடைய மகள் அதைக் குப்பைப் பைக்குள் கொட்டப் போனாள். பிழையில்லை, அவளுக்கு அது பிளாஸ்ரிக். நாம் மறித்து ஒன்றொன்றாகப் பார்த்தோம். ஒன்றின் முதுகில் நீலப் பேனையால், பாதி மங்கிய எழுத்தில், 'அ. றைற்' என்று எழுதியிருந்தது. போட்டுக்கேட்க அந்த வீட்டில் ஒன்றுமில்லை. பெட்டியை எமது காரில் ஏற்றிக்கொண்டு வந்தோம்.

உங்கள் நிலவறைகளிலும் பாருங்கள்.